கைப்பிடியில் பிளாஸ்டர் சுற்றிய பை

பத்தாம் வகுப்போடு படிப்பை விட்டவள் நான். நாடகத்தைப் பற்றி எழுத உனக்கு என்ன தகுதி என்று நீங்கள் கேட்கலாம். பொறுத்துக்கொண்டு வாசியுங்கள்.

எழுபதுகளின் கடைசியில் மெல்பேர்னில் நாங்கள் சில குடும்பங்கள்தான். ஒரு ஞாயிறு பிற்பகல் ஸ்பிரிங்வேலில் மண்டபம் எடுத்து நாடகம் போட்டோம். முந்நூறு வருடங்களுக்கு முன் பிரான்சில் ஒருவர் எழுதிய, சிரிக்கவைக்கும் பகிடி நாடகம். நோய் வருத்தம் எதுவுமே இல்லாதவனுக்கு வைத்தியர் மருந்துக்கு மேல் மருந்து கொடுப்பதுதான் கதை. தமிழாக்கியவர் எங்கள் கணக்கு மாஸ்டர்.

“ஆருக்கும் நோகாதோ, மாஸ்டர்?” என்று கேட்டேன்.

“முந்நூறு வருசத்துப் பகிடி, பிள்ளை. நொந்தவையெல்லாம் செத்துப்போச்சினம்.”

மேடையேற வெட்கம் என்பதால் திரைக்குப் பின்னால் நின்று வசனம் எடுத்துக்கொடுப்பது என் வேலை. வைத்தியருக்குப் பை தேடுவதும் என் தலையில் விழுந்தது. எங்களுக்குள் இருந்த ஒரே டொக்டரிடம் கேட்டேன். யாழ்ப்பாணத்தில் இருந்த என் தம்பியை இங்கே கூப்பிட, ஆதரவுக் கடிதம் தருவதாகச் சொல்லியிருந்தவரும் அவர்தான்.

“கைப்பிடி கவனம், தங்கச்சி. கடிதத்துக்குத் திங்கள் வாங்கோ” என்று கைப்பிடியில் பிளாஸ்டர் சுற்றிய தன் பையைத் தந்தார். என்ன நாடகம் என்று அவர் கேட்கவில்லை. எனக்கும் சொல்ல வாய் வரவில்லை.

பிரதம விருந்தினரும் அவரே. விளக்கேற்றிவிட்டு மாலையோடு முன் வரிசையில் இருந்தார்.

வைத்தியர் வேடம் போட்டவர் ஒரு ட்ராம் கண்டக்டர். அவர் பையோடு வந்ததும் எல்லார் கண்ணும் பையின் கைப்பிடிக்குப் போனது. டொக்டரோடு அந்தப் பை வராத தமிழ் வீடு இல்லை. பிறகு சிரிப்பு வெடித்தது. கண்டக்டருக்கு உற்சாகம் வந்துவிட்டது. டொக்டரைப் போலவே கண்ணாடியை நெற்றியில் ஏற்றி, “ம்ம்... சோத்தைக் குறை, நடையைக் கூட்டு” என்றார். அது எழுதாத வசனம்.

“எனக்கும் டொக்டர் இதைத்தான் சொன்னவர்” என்றது பின்வரிசையில் ஒரு குரல்.

திரை இடுக்கால் பார்த்தேன். டொக்டர் சிரிக்கவில்லை. மாலையைக் கழற்றி மடியில் வைத்தார். தம்பியின் முகம் என் கண்ணுக்குள் நின்றது. பிரதியில் இரண்டு பக்கம் தாண்டி, வைத்தியர் வெளியேறும் வசனத்தை எடுத்துக்கொடுத்தேன். கண்டக்டர் கவனிக்கவில்லை. மறுபடி சொன்னேன். மூன்றாம் முறை என் குரல் மண்டபம் முழுக்கக் கேட்டது: “சரி, நான் போயிட்டு வாறன்.” சபை இன்னும் சிரித்தது. கண்டக்டர் பையைத் தூக்கிக்கொண்டு உள்ளே வந்தார்.

நாடகம் முடிந்ததும் டொக்டர் மேடைக்குப் பின்னால் வந்து கையை நீட்டினார். பையை இரண்டு கையாலும் கொடுத்தேன்.

“தெரியாமல்...” என்று தொடங்கினேன்.

“நாடகத்தை வாசிச்சுத்தானே சொல்லிக்குடுத்தனீங்கள்” என்றார்.

மறுநாள் திங்கட்கிழமை கிளினிக்குக்குப் போனேன். கையொப்பமிட்ட கடிதத்தை உறையில் போட்டு, வரவேற்பில் இருந்த பெண்ணிடம் கொடுத்து வைத்திருந்தார். என்னை உள்ளே கூப்பிடவில்லை.