லிண்டேல் நிற்கவில்லை

என் அக்காள் ஈடித்தின் கணவர் வில்ஃப் ரிம்மர் போர்க்காலம் முழுவதும் ஒரே கப்பலில்தான் வேலை பார்த்தார். லிண்டேல் என்று பெயர். புவனஸ் அயர்ஸில் உறைந்த இறைச்சி ஏற்றிக்கொண்டு லிவர்பூலுக்கு வரும் கப்பல். குண்டுவீச்சில் என் வீடு போனபின், லிவர்பூலை ஒட்டிய பூட்டிலில் அவர்கள் வீட்டு மாடியறைக்கு நான் குடிவந்தேன். அதனால் அவர் கரையிலிருந்த நாட்களில் நடந்ததையெல்லாம் கூடவே இருந்து பார்த்தேன்.

குளிர் இயந்திரங்களைக் கவனிப்பது அவர் வேலை. மேல்தளத்திலிருந்து ஒவ்வொரு கிடங்குக்குள்ளும் ஒரு குழாய் இறங்கும். அதற்குள் கயிற்றில் வெப்பமானியை இறக்கி, மேலே இழுத்துப் பார்த்து, உள்ளே குளிர் குறைந்தால் கீழே ஓடவேண்டும். புயலடித்தாலும் இதற்கு விடுமுறை கிடையாது. வெயில் கடல்களில் இயந்திர அறை அடுப்பாகக் கொதிக்கும். சுவருக்கு அந்தப் பக்கம் பனி. வியர்வையில் நனைந்த உடம்போடு கம்பளிக் கோட்டை மாட்டிக்கொண்டு உள்ளே போவார். மார்புச்சளி அவரை விட்டு நீங்கவே இல்லை.

அவர் ஊருக்கு வந்தால், ரேஷன் இறைச்சிக்காகக் கசாப்புக் கடை வரிசையில் நிற்கும் பெண்கள் சும்மா விடமாட்டார்கள்.

"என்ன வில்ஃப், கோட்டு உப்பியிருக்கு? உள்ள ஆட்டுத்தொடையா?"

"தொடைதான். ஆனா என்னோடது. வேவாது, விட்டுடுங்க."

லிண்டேல் வேகமான கப்பல். அதனால் மற்றக் கப்பல்களின் கூட்டத்தோடு சேராமல் தனியாகவே போகும். வேகம் ஒன்றுதான் அதற்குக் காவல். எதற்காகவும் நிற்கக்கூடாது என்று உத்தரவு. நின்றால் எதிரியின் நீர்மூழ்கிக்கு அதைவிட லாபம் வேறில்லை.

நாற்பத்திரண்டாம் ஆண்டு வசந்தத்தில் ஊர் திரும்பினார். மூன்றாம் நாள் சாப்பாட்டு மேசையில், தட்டை ஒதுக்கிவைத்துவிட்டு ஆரம்பித்தார்.

"வர்ற வழியில ஒரு படகைப் பாத்தோம், ஈடி. எந்தக் கப்பலோ மூழ்கியிருக்கு. நான் வெப்பமானியை இழுத்துக்கிட்டிருந்தேன். படகுல இருந்தவங்க எழுந்து நின்னாங்க. கையாட்டினாங்க. நாங்க வந்துட்டோம்னு சந்தோஷத்துல ஒருத்தன் தொப்பியத் தூக்கி வீசிட்டான்."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன? நாங்க நிக்கல."

அவர் சொன்னபடி, கேப்டன் மேலே கப்பலைச் செலுத்தும் மேடையில் முதுகைக் காட்டி நின்றிருக்கிறார். வில்ஃபும் சமையல்காரரின் உதவியாளும் யாரையும் கேட்காமல் ஒரு உயிர்காப்பு மிதவையைக் கட்டியிருந்த கயிற்றை அறுத்து, அதைக் கடலில் தள்ளினார்கள். அதில் குடிநீரும் பிஸ்கட்டும் உண்டு. படகுக்காரர்கள் அதை எட்டினார்களா என்பது தெரியாது. அதற்குள் லிண்டேல் தூரம் போய்விட்டது. மாலையில் கேப்டன் கீழே வந்து, "கயிறு இத்துப்போயிருக்கும் போல, ரிம்மர். மத்ததையாவது ஒழுங்கா கட்டிவை" என்றாராம். அவர் கண்கள் சிவந்திருந்தனவாம்.

எங்கள் பக்கத்து வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்திருந்தவள் நோரா குவில்லியம். அவள் கணவர் எர்னியை நாங்கள் யாரும் பார்த்ததில்லை. அதே வழியில் வந்த ஒரு சரக்குக் கப்பலில் கொதிகலனுக்குக் கரி அள்ளிப்போடுபவர். சில வாரங்களாக அந்தக் கப்பலைப் பற்றித் தகவலே இல்லை.

"அவகிட்ட சொல்லித் தொலைக்காதே, வில்ஃப்" என்றாள் அக்காள். "அது எர்னி இருந்த படகுதான்னு உனக்குத் தெரியுமா?"

"தெரியாது. இல்லன்னும் தெரியாதே! தினம் வாசல்ல அவ குட் மார்னிங் சொல்றா. நான் எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு திருப்பிச் சொல்றது?"

போய்ச் சொல்லிவிட்டார். அவள் கேட்டுவிட்டு நன்றி சொல்லிக் கதவைச் சாத்திக்கொண்டாளாம். அத்தோடு முடிந்தது என்று நினைத்தோம்.

முடியவில்லை. லிண்டேல் துறைக்கு வரும்போதெல்லாம் நோரா எங்கள் சமையலறைக்கு வந்தாள். எங்கள் ரேஷன் பங்கில் கை வைக்கக்கூடாதென்று, தன் தேயிலையையும் சர்க்கரையையும் காகிதத்தில் மடித்துக் கொண்டுவருவாள்.

"மறுபடி சொல்லுங்க, மிஸ்டர் ரிம்மர். எத்தனை பேர் நின்னாங்க? திடமா நின்னாங்களா?"

அவரும் ஆதியிலிருந்து சொல்வார். அவள் போனபின் கொல்லைப்புறம் போய் இருமிக்கொண்டே நிற்பார். அக்காளுக்குப் பொறுக்கவில்லை.

"இது ஆறுதலா, தண்டனையா? அடுத்த தடவை அவ வந்தா நான் கதவைத் திறக்கமாட்டேன்."

"திற, ஈடி. கேக்குறதுக்கு அவளுக்கு வேற யாரு இருக்கா?"

மறு ஆண்டு இலையுதிர் காலத்தில் அவர் மெலிந்து திரும்பினார். ஒரு கிடங்கின் குளிர்க் குழாய் வெடித்து, அதைச் சரிசெய்யப் பனிக்குள் வெகுநேரம் கிடந்ததில் காய்ச்சல். அன்றும் நோரா வந்தாள், அன்றும் கேட்டாள். அவர் சொல்லிக்கொண்டே வந்து, திடீரென்று, "முன்னால ஒருத்தர் நின்னாரு. உயரமா, சுருட்டை முடியோட. இப்ப நல்லா ஞாபகம் வருது. அது உங்க எர்னியாதான் இருக்கணும்" என்றார்.

அக்காள் கையிலிருந்த கெண்டி அப்படியே நின்றது. நான் நோராவைப் பார்த்தேன்.

"என் வீட்டுக் கல்யாண போட்டோவைப் பாத்துச் சொல்றீங்க" என்றாள் அவள், கோபமில்லாமல். "அந்த முடியெல்லாம் கொட்டி எட்டு வருசம் ஆச்சு. மொட்டைத் தலைன்னு நானே கேலி பண்ணுவேன்."

அவர் முகத்தை இரு கைகளாலும் மூடிக்கொண்டார். "மன்னிச்சிடுங்க. உங்களுக்கு ஏதாவது ஒண்ணு கிடைக்கட்டும்னு..."

"தெரியுது. நான்தான் உங்களை இவ்வளவு தூரம் தள்ளிட்டேன்." அவள் எழுந்து தன் கோப்பையைக் கழுவிக் கவிழ்த்தாள். "நீங்க அவரைப் பாக்கல. நான் இனிமே கேக்கமாட்டேன்."

அதன்பின் அவள் கேட்கவே இல்லை. டிராமில் கண்டக்டர் வேலைக்குச் சேர்ந்தாள். எர்னியின் கப்பலிலிருந்து ஒருவரும் திரும்பவில்லை. வில்ஃப் போர் முடியும்வரை லிண்டேலிலேயே போனார். அமைதி வந்தபின் துறைமுகக் குளிர்க்கிடங்கில் வேலை கிடைத்தது. மார்பு தாங்கவில்லை, ஆறு ஆண்டுகளில் போய்விட்டார்.

அடக்கத்துக்கு நோரா சீருடையோடு, பாதி வேலையில் வந்தாள். அக்காளின் கையைப் பிடித்துக்கொண்டு, "அந்தப் படகு என்ன ஆச்சுன்னு அவருக்குக் கடைசிவரைக்கும் தெரியலயா?" என்று கேட்டாள்.

"தெரியல" என்றாள் அக்காள். "கடைசி வாரத்துலகூட அதைப் பத்தித்தான் பேசிக்கிட்டிருந்தாரு."