சேதிக்கு முந்திய ஓட்டம்

அந்த வருஷம் வலியசாலை அக்கிரகாரத்தில் எங்கள் வீட்டுக்குள் நுழைகிறவர்கள் எல்லோரும் மூக்கைச் சுளித்துக்கொண்டுதான் நுழைந்தார்கள். மணி மாமா காலையும் மாலையும் கெண்டைக்காலில் தேய்த்துக்கொண்ட கற்பூராதித் தைலத்தின் நெடி கூடத்தில் கிளம்பி அடுக்களை வரைக்கும் பரவி, ரசத்தில் மிதப்பதும் அதுதானோ என்று சந்தேகப்படும்படி இருந்தது. மணி மாமா என் அம்மாவின் தம்பி, கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தவர். என் அப்பா வேலை தேடிப் பம்பாய்க்குப் போயிருந்ததால் நானும் அம்மாவும் தாத்தா வீட்டில்தான் இருந்தோம். எனக்கு அப்போது ஒன்பது வயது இருக்கும். தாத்தா சர்க்கார் கச்சேரியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். காது மந்தம், கோபத்தில் மட்டும் மந்தம் கிடையாது.

நாற்பதுகளின் தொடக்கம் அது. அகில இந்திய ஓட்டப் பந்தயங்கள் எங்கள் ஊர் மைதானத்தில் நடக்கப் போவதாகவும், பஞ்சாபிலிருந்தும் பம்பாயிலிருந்தும் ஆட்கள் வருவதாகவும், அரை மைல் ஓட்டத்தில் திருவிதாங்கூருக்காக மணி மாமா ஓடப் போவதாகவும் தெரிந்த நாளிலிருந்து தெருவே ஓர் அங்குலம் உயர்ந்துவிட்டது. தாத்தா மட்டும் அசையவில்லை. "பிராமணப் பிள்ளை அரை நிக்கரை மாட்டிண்டு ஊருக்குத் தொடையைக் காட்டறதாக்கும் பெரிய வித்தை" என்று கூடத்துத் தூணுக்குச் சொல்வதுபோல் மாமாவுக்குக் கேட்கச் சொல்வார். மாமா அம்மாவிடம்தான் வந்து சொல்வார்: "ஜயிக்கறது இருக்கட்டும் அக்கா. போறப்போ நமஸ்காரம் பண்ணினா, அப்பா ஒரு வாக்கு நன்னா ஓடுன்னு சொல்லிட்டாப் போரும் எனக்கு."

ஓட்டத்துக்கு முந்தின நாள், மத்தியான வேளையில், செங்கோட்டை ரயிலில் வந்து இறங்கிய ஒரு பெரியவர் எங்கள் வாசலில் வந்து நின்றார். அம்மா "உள்ள வாங்கோ" என்றாள், வரவில்லை. செம்பில் தீர்த்தம் நீட்டினாள், வாங்கவில்லை. படியேறாமலும் தண்ணீர் வாங்காமலும் ஒருவர் வாசலில் நின்றால் என்ன அர்த்தம் என்று எங்கள் தெருவில் கைக்குழந்தைக்கும் தெரியும். அம்மா சுதாரித்துக் கையை உயர்த்துவதற்குள், பயணக் களைப்பிலும் சத்தம் குறையாத தொண்டையில் அவர் சொல்லிவிட்டார், கல்லிடைக்குறிச்சி சுப்பண்ணா காலமாகிவிட்டார் என்று.

சுப்பண்ணா தாத்தாவின் பெரியப்பா பிள்ளை. பேரன் எடுத்து, கொள்ளுப்பேரனும் எடுத்துவிட்ட பழுத்த கிழவர். நான் அவரைப் பார்த்ததுகூட இல்லை. ஆனாலும் பங்காளி பங்காளிதான். தாத்தாவுக்கும் மாமாவுக்கும் பத்து நாள் தீட்டு. அந்தப் பத்து நாளில் வேறொருவரைத் தொடக்கூடாது, கோயிலுக்குப் போகக்கூடாது, மைதானத்தில் போய்ப் பத்துப் பேரோடு தோளுரசி ஓடுவதை நினைக்கவே கூடாது. கல்யாணமாகி வேறு கோத்திரத்துக்குப் போய்விட்டதால் அம்மாவுக்கும் எனக்கும் அது ஒட்டாது. நல்லவேளையாக எங்கள் சாஸ்திரத்தில் ஒரு சந்து இருந்தது: செத்த நிமிஷத்திலிருந்து அல்ல, காதில் விழுந்த நிமிஷத்திலிருந்துதான் தீட்டு ஒருவரைப் பிடிக்கும். மாமா கல்லூரியில் இருந்தார். வாசலை ஒட்டிய அறையில் தாத்தா குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். அவருக்குத்தான் பக்கத்தில் பட்டாசு வெடித்தாலும் "யாரு கூப்பிட்டா?" என்று கேட்கிற வழக்கமாயிற்றே என்று அம்மா தைரியமாக இருந்தாள்.

அந்தப் பெரியவரை அம்மா எதிர்வீட்டு விசாலாட்சி மாமியிடம் ஒப்படைத்தாள். மாமிக்கு விஷயத்தை இரண்டு முறை சொல்ல வேண்டியிருக்கவில்லை. "பாவம், இத்தனை வருஷம் இருந்தவர். ஒரு நாள் கழிச்சுப் போனார்னு வெச்சுண்டா என்ன குறைஞ்சுடும்?" என்று சொல்லிவிட்டு, அவரை உள்ளே உட்கார்த்தி வயிறு நிறையச் சாப்பாடு போட்டு, நாளை மத்தியானம் வரை வாயைத் திறக்கக்கூடாது என்றும் சொல்லிவிட்டாள். சாயங்காலத்துக்குள் தெருவுக்கே தெரிந்துவிட்டது, தாத்தாவையும் மாமாவையும் தவிர. யாராவது வாய் தவறிச் சொல்லிவிடுவார்களோ என்று ஒவ்வொரு காலடிச் சத்தத்துக்கும் பயந்தேன்.

இந்தப் பதற்றத்தில் தாத்தாவின் போக்கை நாங்கள் யாரும் கவனிக்கவில்லை. வேளைகெட்ட வேளையில் கிணற்றடியில் தலைமுழுகிவிட்டு வந்து வெயில் தாங்கவில்லை என்றார். சாயங்காலம் வலியசாலைக் கோயிலுக்குப் போகவில்லை. முழங்கால் வலி என்றார். வயிறு சரியில்லை என்று பின்கட்டில் தனியாக இலை போட்டுச் சாப்பிட்டுவிட்டு அங்கேயே படுத்தும் கொண்டார்.

மறுநாள் காலையில் மாமா குளித்து, நெற்றியில் விபூதியோடு, நிக்கருக்கு மேல் வேஷ்டியைச் சுற்றிக்கொண்டு பின்கட்டுக்குப் போனார். "அப்பா, நமஸ்காரம் பண்ணிக்கறேன்" என்று குனிந்தவரைப் பார்த்துத் தாத்தா சட்டென்று இரண்டடி பின்னால் போனார். "வேண்டாம். அதெல்லாம் ஒண்ணும் வேண்டாம். நாழியாச்சு, போ." அவ்வளவுதான். குனிந்த மாமா அப்படியே நிமிர்ந்து, யார் முகத்தையும் பார்க்காமல் வாசலுக்கு நடந்தார். எனக்குத் தாத்தாவின் மேல் வந்த ஆத்திரத்தில் அழுகையே வந்துவிட்டது.

மைதானத்தில் பெண்களுக்கென்று கயிறு கட்டி ஒதுக்கியிருந்த இடத்தில் நானும் அம்மாவும் மாமியும் உட்கார்ந்தோம். வெளியூர்க்காரர்கள் ஆணி வைத்த பூட்ஸ் போட்டுக்கொண்டு குதித்துக் குதித்துப் பார்த்தார்கள்; மாமா முதுகில் எண் தைத்த பனியனோடு, வெறுங்காலோடு, தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றார். அப்போதுதான் எங்கள் தெரு வாத்தியார், சாவு வீடுகளில் அபரக் காரியம் பண்ணிவைக்கிறவர், துக்கம் விசாரிக்கிற முகத்தோடு மாமாவை நோக்கி நடக்க ஆரம்பித்தார். மாமி கயிற்றைத் தாண்டி ஓடினாள். நாங்களும் பின்னால் போனோம்.

"எங்க போறேள்?"

"தெரிஞ்சும் சொல்லாம இருக்கறது பாவமாக்கும், மாமி."

"கேட்டாத் தீட்டுன்னுதானே சாஸ்திரத்தில இருக்கு? ஓடிப்போய்ச் சொல்லுன்னு எங்கயாவது இருக்கோ? இருந்தாப் பறையுங்கோ, கேட்டுக்கறேன்."

வாத்தியார் யோசித்தார். அவர் யோசித்து முடிப்பதற்குள் துப்பாக்கி வெடித்துவிட்டது. முதல் சுற்றில் மாமா கடைசிக்கு முந்தினவராக ஓடினார். உடம்பு மட்டும்தான் ஓடுகிறது என்று எனக்கே தெரிந்தது. இரண்டாவது சுற்றில் அவருக்குள் என்ன நடந்ததோ, கோபமோ ரோஷமோ, ஒவ்வொருவராகத் தாண்டிக்கொண்டு வந்தார். மூன்றாவதாக வந்து விழுந்தார். அகில இந்தியாவில் மூன்றாவது. தெருவிலேயே அதிகமாகக் கத்தியவர் வாத்தியார்தான் என்று பிற்பாடு மாமி சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். எனக்கு உள்ளங்கால் வரைக்கும் குளிர்ந்தது. இனி யார் எதைச் சொன்னாலும் ஓடின ஓட்டத்தை யாரும் பிடுங்க முடியாது.

மாமா மட்டும் சிரிக்கவில்லை. வீட்டுக்கு வந்து, பதக்கத்தைப் பின்கட்டு நடையில் வைத்துவிட்டுச் சும்மா நின்றார். தாத்தா தூரத்திலிருந்தே அதைப் பார்த்துவிட்டு, "அங்கயே இருக்கட்டும்" என்றார். அதற்குள் அம்மா எதிர்வீட்டுப் பெரியவரை அழைத்து வந்துவிட்டாள். அவர் முற்றத்தில் நின்று, ஒரு நாள் முழுக்க அடக்கி வைத்திருந்ததை மறுபடியும் அதே தொண்டையில் சொன்னார். மாமா திகைத்துப்போய் நின்றார். தாத்தா துளிக்கூட அசையவில்லை.

"நேத்திக்கே ஸ்நானம் பண்ணியாச்சு" என்றார் தாத்தா.

அம்மா சட்டென்று அவர் பக்கம் திரும்பினாள். "அப்பா, நீங்க தூங்கிண்டிருந்தேளே."

"குறட்டை விடறவனுக்குக் காது கேக்காதுன்னு யார் சொன்னா? அதுவும் இந்தத் தொண்டைக்கு?"

மாமா மெதுவாகக் கேட்டார்: "அப்போ காலம்பற நமஸ்காரம் வேண்டாம்னது?"

"தீட்டோட எப்படிடா ஆசீர்வாதம் பண்றது? உன் மேல கை பட்டிருந்தா நீ எப்படி ஓடுவாய்?" தாத்தாவின் குரல் இறங்கியது. "ராத்திரி பூரா தூங்கலை நான்."

சேதி கேட்டவர் உடுத்த துணியோடு தலைமுழுக வேண்டும் என்பது முறை. மாமா முதுகில் எண்ணோடு, அதே நிக்கரோடு கிணற்றடிக்குப் போனார். தண்ணீர் இறைக்கக் கயிற்றைப் பிடித்தபோது தாத்தா பின்னால் போய் அதை வாங்கிக்கொண்டார். "விடு, நான் விடறேன். இப்போ ரெண்டு பேருக்கும் தீட்டு. தொடலாம்." ஒவ்வொரு வாளியாக இறைத்து மகன் தலையில் ஊற்றினார். ஊற்றிவிட்டு ஈரத் தலையைக் கையால் தேய்த்தார், சின்னக் குழந்தைக்குத் தேய்ப்பதுபோல. "கடைசிச் சுத்தில எத்தனை பேரைத் தாண்டினாய்?" என்று கேட்டார். மாமா சொன்னார். காதில் விழவில்லை போலிருக்கிறது, மறுபடியும் சொல்லச் சொன்னார். மாமா அழுதாரா சிரித்தாரா என்று தண்ணீரில் தெரியவில்லை. எனக்கும் அம்மாவுக்கும் அப்பாடா என்றிருந்தது.

தாத்தாவும் மாமாவும் போய் வெகுகாலமாகிறது. அந்தக் கிணற்றைக் கான்கிரீட் போட்டு மூடிவிட்டார்கள். சென்ற மாதம் நெருங்கிய உறவில் ஒருவர் இறந்த சேதி என் கைப்பேசியில் வந்தது. பரீட்சை எழுதப் போய்க்கொண்டிருந்த என் பேத்திக்கும் அதே நொடியில், பேருந்தில் நின்றபடியே, வந்துவிட்டது. அவள் தீட்டெல்லாம் பார்ப்பதில்லை, பரீட்சையை எழுதிவிட்டுத்தான் வந்தாள். அது நல்லதுதான், தீட்டு ஒழிந்ததில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஆனால் வந்ததும் வராததுமாக என் மடியில் தலை வைத்துக்கொண்டு, "பரீட்சைப் பேப்பர் முழுக்க அவர் முகம்தான் பாட்டி" என்றாள். அவளுக்காக ஒரே ஒரு நாள் அந்தச் சேதியைத் தெரியாததுபோல் வைத்துக்கொண்டு தள்ளி நிற்க இந்தக் கைப்பேசி எனக்கு வழி விடவில்லை.