கெட்டிமேளம் கொட்டாத கல்யாணம்

ஜெர்மனியில் நாங்கள் இருக்கும் ஊரில், ஓடுகிற டிராமுக்குள் ஒரு குழந்தை தரையில் விழுந்து அலறினால் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. வந்த புதிதில் குளிரையும் பாஷையையும்விட இதுதான் எனக்கு விசித்திரமாக இருந்தது. அலறுவது என் மகள். புத்தகம் படிக்கிறவர்கள் அடுத்த பக்கத்தைப் புரட்டுவார்கள். இறங்குகிறவர்கள் அவள் காலை மிதித்துவிடாமல் சுற்றிப் போவார்கள். அது அவர்களுடைய மரியாதை என்று புரிய எனக்கு வெகுநாளாயிற்று. ஒருமுறை கடையில் காய்கறி அடுக்குகளுக்கு நடுவே அவள் படுத்துக்கொண்டபோது, அங்கே வேலை பார்க்கும் பையன் அருகில் வந்து "அல்லெஸ் கூட்?" என்று கேட்டான். எல்லாம் நலமா என்று பொருள். ஒருவர் கேட்டுவிட்டாரே என்ற நிறைவில், வகுப்பில் படித்த ஜெர்மனையெல்லாம் திரட்டி அவள் பிறந்ததிலிருந்து சொல்ல ஆரம்பித்துவிட்டேன். பையன் முகம் சிவந்து உள்ளே ஓடினான். திரும்பி வந்தபோது கையில் ஒரு தண்ணீர் பாட்டில் இருந்தது. நான் தாகத்துக்குத் தண்ணீர் கேட்பதாக நினைத்துவிட்டான். அந்தக் கேள்விக்கு இங்கே யாரும் பதில் எதிர்பார்ப்பதில்லை என்பது எனக்குத் தெரியாது.

மகளுக்குத் தேன்மொழி என்று பெயர் வைத்தோம். அவளுக்குப் பேச்சு வராமல் போகலாம் என்று அப்போது யார் கண்டது? எட்டு வயதாகிறது. ஆட்டிசம். வேண்டியதைப் படங்களைத் தொட்டுக் காட்டுவாள். மகிழ்ச்சி வந்தால் இரண்டு கைகளையும் தோளுக்கு மேலே தூக்கி, விரல்களை விரித்துப் படபடவென்று ஆட்டுவாள். தாங்க முடியாமல் போனால் தலையைத் தரையில் மோதுவாள், கையில் அகப்பட்டவரைக் கடிப்பாள். இங்கே அவளைப் பார்க்கும் மருத்துவர் அம்மாள் இதற்கு ஒரு வார்த்தை சொன்னார்: 'ரைட்ஸ்யூபர்ஃப்ளூட்டுங்'. வெள்ளம் என்பது அதற்குள் இருக்கிறது. நாம் ஒருவர் பேச்சைக் கேட்கும்போது மின்விசிறி, வாசலில் போகும் பைக், பக்கத்து வீட்டு மிக்ஸி எல்லாவற்றையும் நமக்குத் தெரியாமலே ஒதுக்கிவிடுகிறோம். இவளால் அப்படி ஒதுக்க முடியாது. அத்தனையும் ஒரே அளவில் உள்ளே பாயும். "அவள் உங்களைத் துன்புறுத்தவில்லை, அவள் துன்பத்தில் இருக்கிறாள்" என்றார் மருத்துவர். அடம் என்று நான் நினைத்திருந்ததற்கு வலி என்று பெயர் மாற்றிக்கொண்டேன். அதன்பின் அவளைப் பார்க்கும் என் கண்ணே வேறாகிவிட்டது.

போன ஆவணியில் என் தம்பி சரவணனுக்குக் கல்யாணம். அரிமளத்தில் எங்கள் வீடு. பெண் மணமேல்குடி. பெயர் சுகன்யா. என் கணவருக்கு விடுப்புக் கிடைக்கவில்லை. தேன்மொழியை அழைத்துக்கொண்டு நான் மட்டும் போனேன்.

டிராமில் யாரும் பார்க்கவில்லை என்று ஏங்கியவளை, ஊரில் எல்லாரும் பார்த்தார்கள். பக்கத்து வீட்டில் குக்கர் விசில் அடித்தாலே அவள் அலறுவாள்; அலறியதும் தெருவே வாசலுக்கு வந்துவிடும். "பயந்திருக்குத்தா, மந்திரிச்சு ஒரு கயிறு கட்டு" என்றார் ஒருவர். "அந்த ஊர்ல தனியாவே வளத்தா இப்புடித்தான், நம்ம புள்ளைகளோட விடு, சரியாப் போகும்" என்றார் இன்னொருவர். ஒருவர்கூடக் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. சொல்லிவிட்டு ஒரு கிண்ணத்தில் முறுக்கும் கொடுத்துவிட்டுப் போனார்கள். ஜெர்மனியில் எங்கள் மாடிக்காரர்கள் அவள் பெயரைக்கூடக் கேட்டதில்லை. இது பெரிதா அது பெரிதா என்று என்னால் அங்கே தீர்மானிக்க முடியவில்லை. இரண்டு ஊரிலும் நான் களைத்துத்தான் போயிருந்தேன்.

கல்யாணத்துக்குச் சில நாள் முன்னால் அம்மாவின் அண்ணன், எங்கள் பெரிய மாமா, வந்தார். அப்பா போனபின் எங்கள் வீட்டு நல்லது கெட்டதுக்கெல்லாம் முன்னால் நின்றவர். பாசத்தோடு தேன்மொழியைப் பின்னாலிருந்து அலாக்காகத் தூக்கினார். அவள் அவர் முன்னங்கையில் பல் பதியக் கடித்துவிட்டாள். ரத்தம் வந்தது. மாமா கோபப்படவில்லை, துண்டால் துடைத்துக்கொண்டார். ஆனால் போகும்போது அம்மாவிடம் சொன்னார்:

"முகூர்த்தத்தன்னைக்குப் புள்ளைய மண்டபத்து மாடி ரூமுல வச்சுக் கதவச் சாத்திரு. யாராச்சும் ஒரு பொம்பளையத் தொணைக்குப் போடு. கெட்டிமேளம் முடியவும் தொறந்து விட்டுக்கலாம்."

அம்மா என்னைப் பார்த்தாள். எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளையின் அக்கா, பெண்ணுக்குப் பின்னால் நின்று தாலியின் கடைசி முடிச்சைப் போட வேண்டும். நாத்தனார் முடிச்சு என்பார்கள். அதற்காகத்தான் நான் கடல் தாண்டி வந்திருந்தேன். நான் மேடையில் நின்றால் மகள் பூட்டிய அறையில் இருக்க வேண்டும். அவளோடு இருந்தால் முடிச்சு இல்லை. "நான் அவளோட வீட்டுலயே இருந்துக்குறேன். சித்தி மகள முடிச்சுப் போடச் சொல்லு" என்று தம்பியிடம் சொல்லிவிட்டேன். அவன் பைக்கை எடுத்துக்கொண்டு வெளியே போனான்.

அன்று சாயங்காலம் சுகன்யா எனக்குப் போன் செய்தாள். தம்பி சொல்லியிருப்பான். அதற்கு முன் அவளோடு நான் அதிகம் பேசியதில்லை. நலம் விசாரித்துவிட்டு நேராகக் கேட்டாள்:

"மதினி, பாப்பாவுக்கு எது ஆகாது? கூட்டமா, வெளிச்சமா, சத்தமா?"

சொந்தத்தில் ஒருவர்கூட அதுவரை இதைக் கேட்டதில்லை.

"சத்தந்தான். திடீர்னு வர்ற சத்தம். கூட்டத்தச் சமாளிச்சுக்குவா."

"அப்ப மேளத்த நிப்பாட்டிருவோம்."

எனக்குச் சிரிப்பு வந்தது. "கெட்டிமேளம் இல்லாமத் தாலி கட்டுவாங்களா? ஒங்க வீட்டுல என்ன சொல்லுவாங்க?"

அவள் சொன்னாள்: "எந்தம்பி கார்த்தியும் இப்புடித்தான் மதினி. எங்க அக்கா கல்யாணத்தப்ப அவன ரூமுக்குள்ள போட்டுப் பூட்டிட்டாங்க. கெட்டிமேளம் கொட்டுறப்ப அவன் கதவ அடிச்சது யாருக்கும் கேக்கல. நான் கதவுக்கிட்ட நின்னேன். எனக்குக் கேட்டுச்சு. ஏங் கல்யாணத்துல யாரையும் பூட்ட வேணாம்."

கெட்டிமேளம் எதற்கு என்பது நம் எல்லாருக்கும் தெரியும். தாலி ஏறும் நேரத்தில் தும்மலோ அழுகையோ ஆகாத சொல்லோ காதில் விழுந்துவிடக் கூடாது. அந்தப் பெரிய முழக்கம் எல்லாவற்றையும் மூடிவிடும். அது எதையெல்லாம் மூடியிருக்கிறது என்று அதுவரை நான் நினைத்துப் பார்த்ததே இல்லை.

மறுநாள் வீட்டில் பெரிய சண்டை. "எழவு வீட்டுலகூட மேளம் அடிக்கிறான். கல்யாணத்துல அடிக்காம இருப்பீங்களா? ஊருல நாலு பேரு என்ன நெனப்பான்?" என்று மாமா குதித்தார். அம்மா அழுதாள். சரவணன் குரலை உயர்த்தவில்லை. "தாலி கட்டப்போறவன் நான். கட்டிக்கப்போறவ கேக்குறா. வேற யாருகிட்ட மாமா நான் கேக்கணும்?" என்றான். மேளக்காரர்களிடம் அவனே போய்ப் பேசினான். மாப்பிள்ளை அழைப்புக்கு வெளியே வாசிப்பது, முகூர்த்தத்துக்கு நாதஸ்வரம் மட்டும் மெதுவாக, தாலி கட்டும்போது எல்லாமே அமைதி என்று ஏற்பாடாயிற்று. சுகன்யா மறுபடி கூப்பிட்டாள். "சத்தமில்லாட்டி சனங்க எப்புடிச் சந்தோசப்படுறது மதினி? பாப்பா ஸ்கூல்ல என்ன செய்வாங்க?" அங்கே பள்ளியில் 'லைஸர் அப்லாவுஸ்' என்று ஒன்று உண்டு. சத்தமில்லாத கைதட்டல். காது கேளாதவர்கள் பாராட்டும் முறை அது. கைகளை மேலே தூக்கி விரல்களை விரித்து ஆட்டுவார்கள். சொன்னதும் "அட, நல்லாருக்கே!" என்று போனிலேயே செய்து பார்த்திருப்பாள் போலிருக்கிறது, வளையல் குலுங்கியது.

நானும் என் பங்குக்குத் தேன்மொழியைத் தயார்செய்தேன். மண்டபத்துக்கு முன்கூட்டியே அழைத்துப் போய் ஆள் இல்லாத நேரத்தில் மேடையைச் சுற்றி வரச் செய்தேன். முதலில் மாலை, பிறகு தாலி, பிறகு சாப்பாடு என்று போனில் படங்களை வரிசையாகக் காட்டினேன். அடுத்து என்ன வரும் என்று தெரிந்திருந்தால் அவளுக்கு உலகம் பாதி அமைதியாகிவிடும்.

கல்யாண நாள் காலை. மேடையின் ஓரத்தில் இரண்டு நாற்காலிகள். ஒன்றில் சத்தத்தை அடைக்கும் நீலக் காதுமூடியோடு தேன்மொழி, மற்றதில் சுகன்யாவின் தம்பி கார்த்தி. மீசை வைத்த ஆள். பட்டு வேட்டியில் முன்னும் பின்னும் மெல்ல ஆடிக்கொண்டிருந்தான். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை. ஆனால் ஒருவர் இருப்பது மற்றவருக்குப் பிடித்திருந்தது, அது தெரிந்தது. முகூர்த்தத்துக்குச் சற்று முன் சரவணன் மைக்கை வாங்கினான்.

"எங்கக்கா மக தேன்மொழிக்கும் எம் மச்சான் கார்த்திக்கும் சத்தம் வலிக்குங்க. தாலி கட்டுற நேரம் மேளம் இருக்காது. யாரும் கை தட்ட வேணாம். இந்தா, இப்புடிக் கையத் தூக்கி ஆட்டி ஆசீர்வாதம் பண்ணுங்க" என்று செய்து காட்டினான். கூட்டத்தில் சிரிப்பு எழுந்தது. முணுமுணுப்பும் எழுந்தது. இது நடக்காது என்றுதான் நினைத்தேன்.

நாதஸ்வரம் நின்றது. சரவணன் தாலியைக் கையில் எடுத்தான். மண்டபம் முழுக்க ஒரு அமைதி இறங்கியது. ஒரு போன் அடித்து உடனே நின்றது. தவில்காரர் தவிலை மடியில் வைத்துக்கொண்டு, கட்டுப்படுத்த முடியாமல் தன் முழங்காலில் விரல்களை ஓட்டிக்கொண்டிருந்தார். தம்பி மூச்சு விடுவது எனக்குக் கேட்டது. அவன் முதல் முடிச்சுப் போட மஞ்சள் கயிறு உரசும் ஒலி கேட்டது. எத்தனையோ கல்யாணங்களுக்குப் போயிருக்கிறேன். அட்சதை அரிசி பட்டுச் சேலை மேல் விழுந்து தரையில் சிதறும் சத்தத்தை அன்றுதான் கேட்டேன். சிறு தூறல்போல இருந்தது. கடைசி முடிச்சை நான் போட்டேன்.

நிமிர்ந்து பார்த்தேன். மண்டபம் முழுக்கக் கைகள். உழுத கைகள், வளைகுடாவிலிருந்து லீவில் வந்தவர்களின் கடிகாரம் கட்டிய கைகள், குழந்தைகளின் கைகள், வரிசை வரிசையாகத் தலைக்கு மேலே எழுந்து விரல்களை விரித்து ஆடிக்கொண்டிருந்தன. 'கைய ஆட்டாத' என்று என் மகளிடம் சொல்லாதவர்கள் எங்கள் தெருவில் குறைவு. அவளுடைய பாஷையை ஊரே பேசிக்கொண்டிருந்தது. தேன்மொழி எழுந்தாள். காதுமூடியைத் தானே கழற்றி நாற்காலியில் வைத்தாள். மனிதர்களை நேராகப் பார்க்காத பெண், அத்தனை பேரையும் பார்த்தாள். அவள் கைகளும் மேலே போயின. பிறகு வாயை மூடியபடி, நெஞ்சுக்குள்ளிருந்து ஒரு நீண்ட ம்ம்ம் எழுப்பினாள். அந்த நேரத்தில் அந்த மண்டபத்தில் இருந்த ஒரே ஒலி அதுதான். எங்கே கேட்டுவிடுமோ என்று நாம் பயந்து மேளம் கொட்டி மூடும் ஒலி. முன்வரிசையில் இருந்த ஒரு பெண் பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள்: "மேளத்துக்குப் பதிலாப் புள்ள பாடுதுடீ."

எல்லாம் இனிதே முடிந்தது என்று எழுத ஆசைதான். பெரிய மாமா கையைத் தூக்கவில்லை. சாப்பிடாமல் கிளம்பிப் போனார், இன்றுவரை என்னோடு சரியாகப் பேசுவதில்லை. பந்தியில் பாயசம் சாம்பாரைத் தொட்டுவிட்டது என்று தேன்மொழி இலையையே தள்ளிவிட்டு அலறினாள். ஆனால் இந்தமுறை யாரும் எழுந்து வந்து சுற்றி நிற்கவில்லை. எதிரில் இருந்தவர் பேச்சை நிறுத்தினார், பரிமாறுகிறவர் வாளியைத் தரையில் வைத்துவிட்டு ஒதுங்கினார். கொஞ்ச நேரத்தில் அவள் அடங்கினாள். வீட்டில் இப்படிக் குழந்தை இல்லாதவர்களுக்கு நான் சொல்ல ஒன்றுதான் இருக்கிறது. அந்தத் தாயிடம் ஏன் இப்படி என்று கேட்காதீர்கள். சுகன்யா கேட்டாளே, அதைக் கேளுங்கள். எது ஆகாது?

ஜெர்மனிக்குத் திரும்பிவிட்டோம். இப்போது குளிர்காலம். போன வாரம் பள்ளியில் ஆசிரியை என்னை நிறுத்திக் கேட்டார். தேன்மொழி ஒரு புது வார்த்தை சொல்கிறாளாம். படம் இல்லாமல், வாயால். உட்காரும்போதெல்லாம் பக்கத்து இடத்தைத் தட்டிச் சொல்கிறாளாம். ஆசிரியை அதைத் தட்டுத்தடுமாறி உச்சரித்தார்: "இங்-கிட்-டு. இந்திய விளையாட்டுப் பொருளா?" எனக்குக் கண் நிறைந்துவிட்டது. ஊரில் யாரிடமிருந்து அதை எடுத்தாளோ தெரியாது. அங்கே எல்லார் வாயிலும் நாள் முழுக்கப் புழங்கும் சொல். "ஹியர்" என்று மொழிபெயர்த்துச் சொன்னேன். இங்கே என்று பொருள். சொன்னபிறகு அது போதவில்லை என்று பட்டது. இங்கிட்டு என்று ஒருத்தி சொன்னால் அங்கிட்டு என்று ஒன்று இருக்கிறது. அதை எப்படி ஜெர்மனில் சொல்வது?

பனி பெய்துகொண்டிருந்தது. டிராமில் ஏறினோம். தேன்மொழி ஜன்னலோரம் உட்கார்ந்து, கையுறையைக் கழற்றிவிட்டுப் பக்கத்து இருக்கையைத் தட்டினாள். "இங்கிட்டு" என்றாள், அரிமளத்து உச்சரிப்பில், தெளிவாக. யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. நான் அவள் தட்டிய இடத்தில் உட்கார்ந்தேன். வண்டி நகர்ந்தது. எது இங்கிட்டு, எது அங்கிட்டு என்று அவளிடம் கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.