கிருபன் துடைத்த வரைபடம்

கிருபன் இங்கிலாந்துக்குப் போனதே இல்லை. ஆனால் அந்த நாட்டில் எந்த ஊருக்கு எந்த வருஷத்தோடு ரயில் நின்றுபோனது என்று கேட்டால் யோசிக்காமல் சொல்வான். அஜ்மானில் குடியிருந்து, காலை ஆறரைக்கு பஸ் பிடித்து, ஷார்ஜாவில் ஒரு பழைய கட்டடத்தின் மூன்றாம் மாடியில் கணினி முன்னால் உட்கார்ந்து, பதினான்கு வருஷமாக அவன் பார்த்ததெல்லாம் அந்த ரயில் பாதைகளைத்தான்.

இங்கிலாந்தில் ஒரு கம்பெனி பழைய ரயில் வரைபடங்களை ஸ்கேன் செய்து அனுப்பும். ஷார்ஜா அலுவலகத்தார் அவற்றைக் கணினி வரைபடமாக்கித் திருப்பி அனுப்புவார்கள். ஒவ்வொரு காலத்துக்கும் ஒரு நிறம். நூற்றுக்கும் மேற்பட்ட தனியார் கம்பெனிகள் போட்டி போட்டுத் தண்டவாளம் போட்ட காலம், 1923இல் அவை நாலு பெரிய கம்பெனிகளுக்குள் அடங்கிய காலம், 1948இல் அரசாங்கம் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்ட காலம். பிறகு நஷ்டம் என்று சொல்லிப் பாதைகளை மூடிய அறுபதுகள். அந்த நிறத்தைப் போட்டதும் திரையில் பாதி நாடு காணாமல் போகும். தொண்ணூறுகளில் மறுபடி தனியாருக்குக் கூறுபோட்டார்கள், இப்போது மறுபடி அரசாங்கம் வாங்கிச் சேர்க்கிறது. அயர்லாந்தின் கதை இன்னும் பாவம். நடுவே எல்லைக்கோடு விழுந்தது, ரயிலை நிறுத்திச் சுங்கச் சோதனை போட்டார்கள், கடைசியில் பல இடங்களில் ரயிலே நின்றுபோனது.

இதையெல்லாம் கிருபன் ஆசையோடு சொல்வான். அவன் வளர்ந்த யாழ்ப்பாணத்துக் கொடிகாமத்தில் தண்டவாளமே இல்லை. தொண்ணூறில் யாழ்தேவி ரயில் நின்றது, தண்டவாளத்தையும் சிலிப்பர் கட்டைகளையும் கழற்றி ஆளாளுக்கு பங்கர் கட்டினார்கள். குண்டு விழுந்த நாட்களில் அவன் தங்கை வதனாவை மடியில் வைத்துக்கொண்டு ஒளிந்திருந்தது அப்படி ஒரு குழியில்தான். மேலே கட்டை, கட்டைக்கு மேலே மண், மண்ணுக்கு மேலே புல். சண்டை ஓய்ந்து சில வருஷங்களில் அந்தப் புல்லை மேயப் போன பக்கத்து வீட்டுப் பசு, கட்டை உளுத்து மண்ணோடு உள்ளே போய்விட்டது. மேலே நின்று பார்க்கிறவனுக்கு அங்கே ஒரு குழி இருப்பதே தெரியாது.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் அவனுக்குக் கொடுத்தது வரைகிற வேலை அல்ல, துடைக்கிற வேலை. நூறு வருஷத்துத் தாளில் பூஞ்சைப் புள்ளி, மைத்துளி, தேநீர்க் கறை, குண்டூசித் துளை எல்லாம் இருக்கும். ஸ்கேனில் அவையும் வந்துவிடும். ஒவ்வொன்றையும் நின்று யோசித்தால் வேலை ஓடாது. அதனால் மேலாளர் கௌஸ் முகைதீன் ஒரு விதி வைத்திருந்தார். கோட்டைத் தொட்டுக்கொண்டிருந்தால் விடு, தனியாக நின்றால் அழி. துடைத்த தாளைப் பழைய பெயரிலேயே சேமிக்க வேண்டும், அழுக்குத் தாளுக்கு இடம் கிடையாது. கிருபனின் கை வேகம். மற்றவர்கள் பதினைந்து தாள் முடிக்கும் நேரத்தில் அவன் நாற்பது முடிப்பான். அந்த வேகத்தை மெச்சி, அவன் துடைத்த ஒரு தாளை மட்டும் முன், பின் என்று இரண்டாக அச்சடித்து, தேநீர் போடும் இடத்துச் சுவரில் சட்டம் போட்டு மாட்டினார் கௌஸ் முகைதீன். புதிதாக வருகிறவர்களுக்கெல்லாம் அதைத்தான் காட்டிச் சொல்லிக்கொடுத்தார்கள்.

ஆறு வருஷத்துக்கு முன்னால் அயர்லாந்து வேலை வந்தது. அதோடு வந்த குறிப்பில் ஒரு வரி இருந்தது. சுரங்கம் வெட்டும்போது மேலிருந்து கிணறு போல இறக்கும் குழிகள் சில சமயம் பாதைக்கு நேர் மேலே இல்லாமல் பக்கத்தில் தள்ளி இருக்கும், வரைபடத்தில் அவை தனி வட்டமாக நிற்கும், அவற்றைக் கட்டாயம் விட்டுவைக்க வேண்டும். வேலை முடிந்ததும் பல குழிகளைப் பலகை போட்டு, மண் தள்ளி மூடிவிட்டுப் போனார்களாம். 1953இல் மான்செஸ்டர் பக்கத்தில் அப்படி எல்லோரும் மறந்துபோன ஒரு குழி உள்ளே சரிந்து, மேலே இருந்த வீடுகள் இடிந்து, ஐந்து பேர் செத்தார்கள்.

படித்ததும் கிருபனுக்குத் தான் துடைத்த பழைய தாள்கள் நினைவுக்கு வந்தன. அவன் கை அழித்த தனி வட்டங்கள் எத்தனை? அன்றைக்கே எழுந்து போய் மேலாளரிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. பழைய வேலை, கலாஸ், முடிந்துபோனது என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டான். விசா கம்பெனியின் கையில், மகன் பள்ளிக்கூடத்தில், மனைவி சுகந்தா ஒருத்தியின் சம்பளத்தில் வாடகைகூடத் தேறாது. இப்படிச் சமாதானம் சொல்லிக்கொள்ளாத மனிதர்கள் உண்டா என்று கேட்கலாம். உண்டு. கிருபன் அவர்களில் ஒருவன் இல்லை, அவ்வளவுதான்.

போன நவம்பரில் ஒரு சனிக்கிழமை, அரை நாள் டியூட்டி. வதனா புது வீட்டின் படத்தை அனுப்பியிருந்தாள். வட இங்கிலாந்தில் ஒரு பழைய நிலக்கரி ஊர். முதியோர் இல்லத்தில் பன்னிரண்டு வருஷம் வேலை பார்த்து, அவளும் புருஷன் லக்சனும் வாங்கிய முதல் வீடு. குடிவந்து இரண்டு வாரம் ஆகிறது. கிருபனுக்குத் தலைகால் புரியவில்லை. கணினியில் விலாசத்தைப் போட்டுப் பார்த்தான். ஊரின் பெயர் எங்கேயோ பார்த்த பெயராக இருந்தது. தேநீர் ஊற்றப் போனபோது நினைவு வந்துவிட்டது. சுவரில் தொங்குகிற தாளில் இருந்ததும் அதே ஊர்தான். அலுவலகத்தில் இருந்த நாலு பேரையும் கூப்பிட்டான், என் தங்கச்சியின் வீடு எங்கே இருக்கிறது பாருங்கள் என்று விரலை வைத்துக் காட்டினான்.

விரல் வைத்த இடம் இடது பக்கத்துத் தாள், அதாவது துடைப்பதற்கு முந்தின தாள். ஒரு குன்றுக்கு அடியில் சுரங்கம் போவதைப் புள்ளிக்கோடாகப் போட்டிருந்தார்கள். கோட்டின் மேல் நாலு வட்டம். ஐந்தாவது வட்டம் தெற்கே தள்ளித் தனியாக, அவன் விரல் நுனிக்குப் பக்கத்தில் இருந்தது. வலது பக்கத்துத் தாளில் நாலே நாலு. ஐந்தாவது இருந்த இடம் வெள்ளையாகக் கிடந்தது.

மற்றவர்கள் வாழ்த்திவிட்டுப் போனார்கள். கிருபன் சுவரில் இருந்ததைப் போனில் படம் எடுத்துக் கணினியில் ஏற்றி, இரண்டு தாளையும் இன்றைய தெருக்களோடு பொருத்திப் பார்த்தான். ஒரு தரம் அல்ல, மூன்று தரம். பாதை அறுபத்து நாலிலேயே மூடிய பாதை, சுரங்கத்தின் இரண்டு வாயையும் அடைத்தாயிற்று, மேலே இருபது வருஷமாக வீடுகள். வட்டம் வதனாவின் சமையலறைக்குப் பின்னால், தோட்டத்தில் விழுந்தது.

உடனே அவளைக் கூப்பிட்டான். அங்கே காலை ஒன்பது மணி. அவள் வீட்டைப் பற்றியே பேசினாள், சமைக்கக் குசினி பெரிது, பிள்ளைகளுக்குத் தனித்தனி அறை என்று. அவன் இடைமறித்துச் சொன்னான்.

“வதனா, நான் சொல்லுறதைக் கேள். உங்கட பின் வளவுக்குக் கீழ பழைய ரயில் சுரங்கத்தின்ர குழி ஒண்டு இருக்கு. மேல பலகைதான் போட்டிருப்பாங்கள்.”

அவள் சிரித்தாள். வீடு வாங்குமுன் வழக்கறிஞர் எல்லாவற்றையும் தேடிப் பார்த்து அறிக்கை கொடுத்தாராம். அதில் ரயிலுக்கென்றே ஒரு பக்கம் இருந்ததாம்.

“ரிப்போர்ட்டில ஒண்டும் இல்லை அண்ணா. கிளியர் எண்டுதான் போட்டிருக்கு.”

“அந்த ரிப்போர்ட்டுக்கு வரைபடம் போனது எங்கட ஒஃபிசில இருந்து. அதைத் துடைச்சது நான்தான்.”

அவள் குரல் மாறிப்போயிற்று.

“மழை பெய்தா அந்த இடத்தில மட்டும் வட்டமாத் தண்ணி நிக்குது அண்ணா. லக்சன் அதை நிரவத்தான் மண் எடுப்பிச்சவர். லொறி இப்ப பின்னுக்கு வருது.”

போனை அவள் எங்கேயோ வைத்துவிட்டு ஓடினாள். கிருபனின் காதில் லாரி பின்னால் வரும்போது அடிக்கும் அந்த மணிச் சத்தம் மட்டும் விடாமல் கேட்டது. ஷார்ஜாவில் தெருவுக்குத் தெரு கேட்கிற சத்தம்தான், தினமும் கேட்கிறதுதான். அன்று ஒவ்வொரு அடிக்கும் அவன் உயிர் போய் வந்தது. சின்ன வயதில் தலைக்கு மேலே இருந்த கட்டைகளும், அந்தப் பசுவின் அலறலும் நினைவுக்கு வந்தன. கடவுளே என்று வாய்விட்டுச் சொன்னான். சத்தம் நின்றது. எதற்காக நின்றது என்று தெரியாமல் அவன் மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

கடைசியில் லக்சன்தான் போனை எடுத்தார்.

“மச்சான், லொறியை முன்னுக்கு எடுப்பிச்சிட்டன். பின் சில்லு புல்லில ஏறேக்க நிலம் கொஞ்சம் இறங்கினது. ஈர மண் எண்டுதான் நான் நினைச்சன்.”

ஒரு சாமானையும் எடுக்க வேண்டாம், பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு தெருவுக்குப் போங்கள், நகரசபைக்கு அறிவியுங்கள் என்று கிருபன் சொன்னான். அவர்கள் வெளியே வந்து, கதவைப் பூட்டி, எதிர்ச்சாரியில் நின்று மறுபடி கூப்பிடும் வரை அவன் உட்காரவில்லை.

பிறகு சுவரில் இருந்த சட்டத்தைக் கழற்றி எடுத்துக்கொண்டு கௌஸ் முகைதீனின் அறைக்குப் போனான். எல்லாவற்றையும் சொன்னான், ஆறு வருஷம் பேசாமல் இருந்ததையும் சேர்த்து. அவர் கெட்ட மனிதர் இல்லை. சத்தம் போடவில்லை. கதவைச் சாத்திவிட்டு, இந்த ஒரு தாளை மட்டும் சத்தமில்லாமல் திருத்தி அனுப்பிவிடலாம், குடும்பம் தப்பியதே அல்லாவின் கருணை, மகனுக்கு மார்ச்சில் பரீட்சை இருப்பதை நினைத்துப் பார் என்றார். கிருபனும் நினைத்துப் பார்த்தான். அந்த யோசனையில் மனம் கொஞ்சம் சாய்ந்ததும் உண்மைதான். ஆனால் லாரிச் சத்தம் அவன் காதைவிட்டுப் போகவில்லை.

அங்கேயே உட்கார்ந்து இங்கிலாந்துக் கம்பெனிக்கு மெயில் எழுதினான், தன் சொந்தப் பெயரில். கௌஸ் முகைதீன் தடுக்கவில்லை. எழுதி முடிகிற நேரத்தில் கேட்டார்.

“மொத்தம் எத்தனை வட்டம் அழிச்சிருப்பே கிருபன்?”

எத்தனை தாள் துடைத்தாய் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்கிறவன் அவன். துடைத்தது அறுநூற்றுப் பதினான்கு தாள். அவற்றில் துடைக்கும் முன் எப்படி இருந்தது என்று பார்க்க மிஞ்சியது மடியில் இருக்கிற இந்த ஒன்றுதான். இங்கிலாந்தில் மூலத் தாள்கள் பத்திரமாக இருக்கின்றனவா என்பதும் தெரியாது.

“தெரியாது பாய்” என்றான்.

அதையே மெயிலிலும் எழுதி அனுப்பினான். வதனாவின் நம்பர் அவனிடம் இருந்தது. அழித்த மற்ற வட்டங்களுக்கு மேலே குடியிருப்பவர்களுடையது இல்லை.