சக்கரம் நின்ற பிறகு: கடலூரிலிருந்து சிதம்பரத்துக்கு இரண்டு பச்சைப் பானைகளோடு

"சக்கரம் நின்றது, பானை தயார்" என்று போன மாதம் இங்கே எழுதியிருந்தேன். கடலூரை ஒட்டிய ஊரில் ஏழுமலை பானை வனைவதைப் பார்த்துவிட்டு எழுதியது. அதைப் படித்த அவர் மனைவி அஞ்சலை அக்கா போன் செய்தார். "பாதியிலயே எழுந்து போயிட்டீங்க மேடம். அடி இல்லாத பானையில எப்புடி தண்ணி மொள்ளுவீங்க?"

சக்கரத்திலிருந்து அறுத்தெடுத்த பானையின் அடியில் கை நுழையும் அளவுக்கு ஓட்டை இருக்குமாம். அரை ஈரமாகக் காய்ந்தபின் உள்ளே உருண்டைக் கல்லைப் பிடித்து, வெளியே பலகையால் தட்டித் தட்டித்தான் அதை மூட வேண்டும். அந்த வீட்டில் அது அக்காவின் வேலை. ஆனால் செயல்விளக்க நிகழ்ச்சிகளுக்கு இதுவரை ஏழுமலையை மட்டும்தான் கூப்பிட்டிருக்கிறார்கள். "இந்தத் தடவ நானும் உக்காந்து தட்டத்தான் போறேன். யாரு எழுந்து போனாலும் சரி" என்றார். போன சனிக்கிழமை சிதம்பரத்தில் கைவினைக் கண்காட்சி. என் தவறைத் திருத்திக்கொள்ள நானும் கிளம்பினேன்.

ஏழுமலை சக்கரத்தோடு குட்டியானை வேனில் முன்னால் போய்விட்டார். அந்தக் குலுக்கலை இன்னும் சுடாத பச்சைப் பானை தாங்காது என்பதால் நாங்கள் இருவரும் பஸ். காலை 8.40க்குக் கடலூர் பஸ் நிலையம். சிதம்பரம் 45 கி.மீ., ஒன்றேகால் மணி நேரம், டிக்கெட் 38 ரூபாய். ஆளுக்கொரு பானை மடியில், மேலே ஈரத்துணி.

"சாப்பாடாக்கா?" என்றார் கண்டக்டர்.

"பச்சப் பானப்பா. பிரேக்க பாத்துப் போடச் சொல்லு."

எனக்கு ஜன்னலோரம் வேண்டும் என்று அடம்பிடித்து வாங்கிக்கொண்டேன். ஆலப்பாக்கம் தாண்டியதும், உங்களுக்காகத்தான், துணியை விலக்கி நாலு படம் எடுத்தேன். திரும்ப மூட மறந்துவிட்டேன்.

மேடையில் எங்களுக்கு ஒதுக்கியது மொத்தம் அரை மணி நேரம். ஏழுமலை வனைந்து முடித்ததும் கைதட்டல். பாதிப் பேர் எழுந்துவிட்டார்கள், ஒருங்கிணைப்பாளரும் மைக்கில் நன்றி சொல்ல ஆரம்பித்துவிட்டார். அக்கா அசரவில்லை. நான் சுமந்துவந்த பானையைத் தூக்கி, அதன் அடி ஓட்டை வழியாகக் கூட்டத்தைப் பார்த்தார். "எல்லாரும் நல்லா தெரியிறீங்க. இதுலயா தண்ணி புடிப்பீங்க? செத்த நேரம் உக்காருங்க." சிரித்துக்கொண்டே உட்கார்ந்தார்கள்.

பத்துத் தட்டுக்குள் ஓட்டையின் ஓரம் வெடித்துவிட்டது. பல வருஷம் காத்திருந்து அக்காவுக்குக் கிடைத்த மேடையை நாலு படத்துக்காகக் கெடுத்துவிட்டேன். அக்கா அந்த விரிசலை எல்லோருக்கும் காட்டினார்.

"காத்து பட்டு ஓரம் காஞ்சிடுச்சு. காஞ்ச மண்ணு ஒண்ணோட ஒண்ணு ஒட்டாது. இதையும் தெரிஞ்சிக்கணும்ல?"

ஒருங்கிணைப்பாளர் கடிகாரத்தைக் காட்டினார். "இன்னொண்ணு இருக்கு தம்பி" என்று அக்கா தன் மடியில் வந்த பானையை எடுத்தார். ஏழுமலை எழுந்து, தண்ணீர்க் கிண்ணத்தை மனைவி பக்கம் நகர்த்திவிட்டுக் கீழே உட்கார்ந்துகொண்டார். அக்கா பதினெட்டு நிமிடம் தட்டினார். ஓட்டை சுருங்கிச் சுருங்கி ஒரு விரல் அளவானது, பிறகு காணவில்லை. அதுவரை ஒருவரும் எழுந்திருக்கவில்லை.

கிளம்பும்போது மன்னிப்புக் கேட்டேன். "சுடாத மண்ணுதான, ஊறப் போட்டா திரும்பப் பானையாயிடும். நீங்க எழுதுனதத்தான் மாத்தணும்" என்றார்.

மாற்றிவிட்டேன். நீங்கள் அவர்கள் வீட்டுக்குப் பானை வனைவதைப் பார்க்கப் போவதானால் ஒரு முழு நாள் ஒதுக்குங்கள், முதல் நாளே போனில் கேட்டுக்கொள்ளுங்கள். பச்சைப் பானையோடு ஜன்னலோரம் வேண்டாம். முக்கியமாக, சக்கரம் நின்றதும் எழுந்துவிடாதீர்கள். பானைக்கு அடி போடுகிறவர் அப்போதுதான் வந்து உட்காருவார்.