தம்பி நிலத்துக்கு வந்த ஜப்தி

மலைமேல் எங்கள் வளப்பூர் நாட்டில் நானும் தம்பியும் நிலத்தைப் பங்கு பிரித்துக்கொண்டபோது பட்டாவை மாற்றவில்லை. இரண்டு பங்கும் என் பேரிலேயே இருந்தன. பிறகு கிணறு வெட்டச் சர்க்காரிடம் கடன் வாங்கினேன். தண்ணீர் வரவில்லை. தவணையும் கட்டவில்லை.

ஜப்திக்கு வந்தவர்கள் தம்பியின் மிளகுத் தோட்டத்தில் நின்று ஏலம் என்று தமுக்கடித்தார்கள். தம்பி மனைவி என்னிடம் ஓடிவந்தாள்.

“ஏனுங்க மாமா, எங்க நெலத்த எதுக்குங்க ஏலம் போடறாங்க?”

தம்பி ஒன்றும் கேட்காமல் தன் உழவு மாடுகளை விற்று என் பாக்கியைக் கட்டினான். என் மாடுகளை விற்கலாம் என்று நான் வாய் திறக்கவில்லை. அந்த ஆண்டு அவர்கள் இருவரும் கையால் கொத்தியே சாமை விதைத்தார்கள்.

தாலுகா கச்சேரிக்குப் போய் அவன் பங்கை அவன் பேருக்கே மாற்றிக் கொடுத்துவிட்டேன். இப்போதெல்லாம் மழை விழுந்ததும் என் ஏர் முதலில் தம்பி காட்டில்தான் இறங்குகிறது. இருந்தும் அவன் மனைவி சோறு போடும்போது என்னால் தலைநிமிர முடியவில்லை.