கூடையில் ஒரு விரல் பட்டை: ஜவ்வாது மலையில் கல்பாசி தேடி

ஆம்பூரில் ஒரு தோல் ஷாப்பில் எனக்கு வேலை. தோல் பதனிட மலையிலிருந்து வரும் கொன்னைப் பட்டைக் கட்டுகளைப் பிரித்து, நல்லது கெட்டது பார்த்து, இடிக்க அனுப்ப வேண்டும். பட்டையின் மேல் சாம்பல் நிறத்தில் ஓரம் சுருண்டு ஒட்டியிருக்கும் செதில்களை மூன்று வருடமாகக் குப்பையில் தட்டிக்கொண்டிருந்தேன். ஒருநாள் பிரியாணிக் கடையில் சமைக்கும் பண்டாரி அதைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டார். “அடப்பாவி, கல்பாசியை மிதிக்கிறியே! இதைத்தான் நான் ஜாஸ்தி விலை குடுத்து வாங்கி அண்டாவுல போடறேன்.” பெயர்தான் கல்பாசி. குளிர்ந்த மலைக்காட்டில் மரப்பட்டையிலும் வளர்கிறது. அது வளரும் இடத்தைப் பார்க்க மார்கழி இரண்டாம் வாரம் கிளம்பினேன்.

வெள்ளிக்கிழமை மாலை நாலு மணிக்கு ரயில். வாணியம்பாடி பத்து மைல், மூன்றாம் வகுப்பு மூன்றணா. அங்கிருந்து ஆலங்காயத்துக்கு மோட்டார் பஸ், பதினோரு மைல், ஆறணா. மூட்டைகளுக்கு நடுவில்தான் உட்கார இடம் கிடைக்கும். பஸ் டிரைவர்தான் எனக்குக் காளியம்மாவைக் காட்டினார். நாற்பது வயது இருக்கும், மலைக்காரர். பாசி எடுக்க அரசாங்கச் சீட்டு வைத்திருப்பவர்.

“அந்தம்மா கூடப் போ. ஆனா மேல எதையும் தொட்டுத் தொலைக்காதே,” என்றார் டிரைவர். நான் சிரித்தேன். சிரித்திருக்கக் கூடாது.

மறுநாள் காலை ஐந்து மணிக்கு நானும் காளியம்மாவும் ஏறத் தொடங்கினோம். ஐந்து மைல், கடைசி மைல் செங்குத்து. போகும்போதே காளியம்மா சட்டத்தைச் சொன்னார். பாசி எடுக்கலாம். பட்டை ஒரு துண்டு கூடக் கூடாது. மலையின் பட்டை முழுவதும் கன்ட்ராக்டருக்கு ஏலம் போய்விட்டது. கூடையில் பட்டை இருந்தால் திருட்டு, சீட்டைப் பிடுங்கிக்கொள்வார்கள். சீட்டு போனால் அவர் கன்ட்ராக்டரிடமே பட்டை உரிக்கும் கூலியாகப் போக வேண்டியதுதான். “கன்ட்ராக்டரோட மேஸ்திரி கைக்குக் கீழ ஒரு வருசம் இருந்தேன். மறுபடியும் போறதுக்குப் பதிலா இந்தப் பாறையிலிருந்து குதிச்சுடுவேன்,” என்றார். விளையாட்டாகச் சொல்லவில்லை.

ஏழரை மணிக்குக் காடு வந்தது. பனி சொட்டிக்கொண்டிருந்தது. அடிமரம் முழுவதும் பாசி, விரித்துப்போட்ட ஈரத்தோல் மாதிரி. தேங்காய்ச் சிரட்டைத் துண்டால் ஓரத்தில் நெம்பினால் அப்படியே கழன்று வந்தது. ஒன்பதரைக்கு வெயில் விழுந்ததும் பாசி காய்ந்து முறுக ஆரம்பித்தது. வாயில் தண்ணீர் வைத்து ஊதி, அது ஊறும் வரை பொறுத்துத்தான் இனி எடுக்க வேண்டும் என்று சொல்லி, காளியம்மா குடத்தோடு ஊற்றுக்குப் போனார்.

நான் பொறுக்கவில்லை. அவர் வருவதற்குள் கூடையை நிரப்பிவிடலாம் என்று நினைத்தேன். காய்ந்த பாசி சிரட்டைக்கு வரவில்லை. என் கை தானாக அதன் வழக்கத்துக்குப் போய்விட்டது. நகத்தை நுழை, பிடி, நீளவாக்கில் இழு. மூன்று வருடமாகப் பட்டையின் தரம் பார்க்க இப்படித்தான் உரித்துக்கொண்டிருந்தேன். பாசியோடு பட்டையும் சரசரவென்று வந்தது. நான் பாசியை மட்டுமே பார்த்தேன்.

காளியம்மா வந்து கூடைக்குள் கை விட்டார். குடத்தைக் கீழே வைக்கக்கூட மறந்து நின்றார்.

“இன்னாடா பண்ணி வச்சிருக்கே?”

மலையடியில் இருக்கும் காட்டிலாகா கேட்டை மதியம் பன்னிரண்டுக்கு அடைத்துவிடுவார்கள். அதற்குள் கூடையைக் காட்டாவிட்டால் அதுவும் குற்றம். பத்து மணியிலிருந்து பதினோரு மணி வரை இருவரும் குந்தியிருந்து, ஒவ்வொரு செதிலாக நனைத்து, பின்பக்கம் ஒட்டியிருந்த பட்டையைப் பிய்த்து எறிந்தோம். இறங்கும்போது ஓடினோம்.

பதினொன்று ஐம்பதுக்குக் கேட். காட்டிலாகா கார்டு சீட்டை வாங்கிக்கொண்டு, கூடையைச் சாக்கின் மேல் கவிழ்த்துக் குச்சியால் கிளறினார். அடியிலிருந்து ஒன்று வந்தது. ஒரு விரல் நீளம் இருக்கும்.

“இது இன்னாடி?”

“நான் உரிச்சது,” என்றேன். “அந்தம்மாவுக்குத் தெரியாது.”

கார்டு என் சட்டையைப் பார்த்தார். “உங்களுக்கு எதுக்கு சார் இந்தப் பேஜாரு? நீங்க போங்க. நான் இவகிட்ட பேசிக்கிறேன்.” அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே கன்ட்ராக்டரின் இரண்டு வண்டிகள் பட்டை மலையாகக் குவிந்து எங்களை உரசிக்கொண்டு போயின. கார்டு சலாம் வைத்தார். கையில் அந்த விரல் பட்டை.

“நான்தான் உரிச்சேன்னு சொல்றேனே!”

“அப்போ நோட்டுல எழுதிக் கையெழுத்து போடு. எந்த ஷாப்பு?” ‘சார்’ போய்விட்டது.

பேனாவை வாங்கினேன். கை நின்றுவிட்டது. எங்கள் ஷாப்புக்குப் பட்டை போடுவது இதே கன்ட்ராக்டர். திங்கட்கிழமைக்குள் செய்தி போய்விடும்.

காளியம்மா என் கையையே பார்த்தார். “ஏன் நிக்குது? உரிக்கிறப்போ நிக்கலியே.”

கையெழுத்துப் போட்டேன். பாசி முழுவதையும் கார்டு எடுத்துக்கொண்டார். சீட்டை மட்டும் காளியம்மா முன்னால் தூக்கி எறிந்தார். காளியம்மா அதைப் பொறுக்கி இடுப்பில் செருகிக்கொண்டு திரும்பிப் பார்க்காமல் மலையேறினார்.

திங்கட்கிழமை காலை எனக்கு வேலை இல்லை. ஆலங்காயத்தில் அடுத்த சந்தையன்று காளியம்மாவைப் பார்த்தேன், கூடை நிறையப் பாசியோடு. “பட்டைக்காரரே, வேலை போச்சாமே?” என்றார். போச்சு என்றேன். “எனுக்குச் சீட்டு இருக்குது. கூட வர்றதுன்னா வா. நகத்தை மட்டும் வெட்டிக்கினு வா.”

போக நினைப்பவர்கள் மார்கழி, தை மாதங்களில் போங்கள். கம்பளி வேண்டும். மேலே சாப்பாடு கிடையாது, ஆலங்காயத்திலேயே கட்டிக்கொள்ளுங்கள். பாசியை ஈரத்தில் மட்டும் தொடுங்கள். பன்னிரண்டுக்குள் கீழே வந்துவிடுங்கள். கேட்டில் உங்கள் கூடையைக் கவிழ்ப்பார்கள், கோபப்படாமல் நில்லுங்கள். அப்போது பக்கத்தில் பட்டை வண்டிகள் போகும். எத்தனை போகிறது என்று எண்ணிக்கொண்டு வந்து எழுதுங்கள்.